ஆறாவது பரவாயில்லை

போன வாரம் நம் கேமராமேன் வீட்டு வாசலில் ஒரு வண்டி வந்து நின்றது. அதோடு நான் பேனாவை மூடிவிட்டேன். அந்த டிரைவர் பாவம், ஏழு நாளாக இன்ஜினை அணைக்காமல் உட்கார்ந்திருக்கிறார். முதலில் அவரை அனுப்பி வைக்க வேண்டும்.

அதற்கு முன், போன வாரத்து இதழைப் பக்கத்து வீட்டுக்காரர் வாங்கிப் போய்த் திருப்பித் தராதவர்களுக்காகக் கொஞ்சம் பழைய கதை.

கேமராமேன் என் தங்கையின் கணவர். நாற்பது வருட அனுபவம். அவர் அண்ணாந்து பார்த்து, "கொஞ்சம் தள்ளிக்க" என்றால் மேகம் தள்ளிக்கொள்ளும் என்று சினிமாக்காரர்கள் சொல்வார்கள். நான் அதையெல்லாம் நம்புகிறவன் இல்லை. என் கண்ணால் பார்த்தது இரண்டே தடவைதான்.

கல்யாணத்தைப் பதிவு செய்த அன்று, கையெழுத்துப் போடும்போது பெண்ணின் முகத்தில் நிழல் விழுகிறது என்று பதிவாளரை மேஜையோடு ஜன்னல் பக்கம் நகர்த்தி, மறுபடி ஒருமுறை போட வைத்தார். ஆகவே அரசாங்கப் பதிவேட்டின்படி என் தங்கைக்கு இரண்டு தடவை கல்யாணம் ஆகியிருக்கிறது. இரண்டு தடவையும் ஒரே ஆள் என்பது மட்டும்தான் அவளுக்குக் குறை.

என் தங்கை எடிட்டர். அவர் எடுப்பார், அவள் வெட்டுவாள். முப்பது வருடமாகக் குடும்பம் இப்படித்தான் நடக்கிறது.

இந்த வருடம் கேமராமேனுக்குச் சொந்தப் படம் எடுக்கும் ஆசை வந்தது. தயாரிப்பாளரும் அவரே, கேமராமேனும் அவரே. முதல் நாளே கேமராமேன் கிரேன் வேண்டும் என்றார். தயாரிப்பாளர் முடியாது என்றார். இருவரும் கூடத்தில் ஒரே நாற்காலியில் உட்கார்ந்து முக்கால் மணி நேரம் சண்டை போட்டார்கள். கடைசியில் கேமராமேன் கோபித்துக்கொண்டு எழுந்து போக, தயாரிப்பாளரும் கூடவே போக வேண்டியதாயிற்று.

என் தங்கைதான் வழி கண்டுபிடித்தாள். ஒரு நீலத் தொப்பி. தலையில் அது இருந்தால் கேமராமேன். கழற்றினால் தயாரிப்பாளர். அன்றிலிருந்து வீட்டில், "என்னங்க, தொப்பியக் கழட்டுங்க, ஒரு விஷயம் பேசணும்" என்று குரல் கேட்டால், பேசப்போவது தயாரிப்பாளரிடம் என்று எல்லோருக்கும் புரியும்.

படத்தின் புரொடக்‌ஷன் மேனேஜர் நான். அதற்கு முன் முப்பத்தைந்து வருடம் கடைகளில் தராசு சரியாக இருக்கிறதா என்று சோதித்து முத்திரை குத்தினேன். அந்தப் பழக்கம். சொன்னதைச் சொன்னபடி செய்வேன். ஒரு கிராம் கூடாது, ஒரு கிராம் குறையாது.

படத்தில் பாக்கி இருந்தது ஒரே ஒரு ஷாட். கண்ணாடிக் கூரை போட்ட ஒரு பழைய நீச்சல் குளம். அங்கே ஆயுள் முழுக்க நீச்சல் சொல்லிக்கொடுத்த அம்மாள், கடைசித் தடவையாகக் கரையோரம் நடந்து போய், திரும்பிப் பார்த்துச் சிரிக்க வேண்டும். மூன்று நாற்பதுக்குக் கூரை வழியே வெயில் விழும். தண்ணீரில் பட்டு, அந்த அம்மாள் முகத்தில் அலை அலையாக ஆடும். மொத்தம் ஒன்பது நிமிடம். அதற்கப்புறம் எதிர்க் கட்டடம் மறைத்துவிடும்.

மூன்று நாள் முயற்சி செய்தோம். முதல் நாள் மேகம். இரண்டாம் நாள் பளிச்சென்று வெயில். ஆனால் கேமராமேன், "பொறுங்க, இதவிட நல்லா வரும்" என்றார். பொறுத்தோம். ஒன்பது நிமிடம் போயிற்று. மூன்றாம் நாளும் அதே. நான்காம் நாள்தான் கடைசி. ஐந்தாம் நாள் காலை குளத்தை வடித்துவிட்டு, கூரையைப் பிரித்துப் புதுசு போடப் போகிறார்கள்.

மூன்றாம் நாள் சாயங்காலம் அவர் தொப்பியைக் கழற்றித் தரையில் அடித்தார். தயாரிப்பாளராக என்னைப் பார்த்துக் கத்தினார்:

"மச்சான்! அந்தக் கேமராமேனத் தூக்கிட்டு வேற ஆளப் போடு!"

சரி என்றேன். ஒரு போன் போட்டேன். மறுநாள் காலை வண்டி வந்துவிட்டது.

இதில் என் தப்பு என்ன இருக்கிறது என்று வாசகர்களே சொல்லுங்கள்.

வண்டியிலிருந்து இரண்டு கேமராப் பெட்டி இறங்கியது. பிறகு கேமராவை நிறுத்தும் ஒரு முக்காலி. பிறகு பல்பு இறங்கினாள்.

பல்பு என்பது அவருடைய மகள். அவள் பிறந்த சமயம் ஆஸ்பத்திரியில் கரண்ட் இல்லை. அவள் போட்ட முதல் கூச்சலில் வந்துவிட்டது. அதனால் அந்தப் பெயர்.

அவளும் கேமராமேன்தான். ஐந்து வருடத்துக்கு முன், எட்டு நிமிடத்துக்கு ஒரு படம் எடுத்து, சாப்பாட்டு மேஜையில் லேப்டாப்பை வைத்து அப்பாவுக்குப் போட்டுக் காட்டினாள். அவர் முழுக்கப் பார்த்தார். தட்டைப் பார்த்தார். "பரவாயில்ல" என்றார். அவ்வளவுதான்.

இந்த மனிதர் வீட்டில் எதைப் பார்த்தாலும் 'பிரமாதம்' என்கிறவர். ரொட்டி கருகினால் பிரமாதம். நான் குளியலறையில் பாடினால் பிரமாதம். குழாய் ரிப்பேர்காரர் வந்து போன பிறகும் சொட்டுகிற குழாய், அதுவும் பிரமாதம். பெற்ற மகள் எடுத்த படம் மட்டும் பரவாயில்லை.

மறுநாளே பல்பு பெட்டியைக் கட்டிக்கொண்டு வேறு ஊருக்குப் போய்விட்டாள். அங்கே பெயரும் வாங்கினாள். தன் படம் எதையும் அவருக்குக் காட்டவில்லை. போனில் அப்பாவும் மகளும் பேசிக்கொள்வது, "அங்க வெயில் எப்படி?" "நல்லா இருக்குப்பா" என்பதோடு முடிந்துவிடும்.

அப்படிப்பட்டவள் இப்போது வாசலில் நின்றாள். கேமராமேன் தலையில் தொப்பியோடு, கையில் காப்பியோடு, ஒரு காலில் செருப்போடு வெளியே வந்தார்.

"என்ன பல்பு, திடீர்னு?"

"தயாரிப்பாளர் கூப்பிட்டாராம். மாமா போன் பண்ணாங்க."

அவர் என்னைப் பார்த்தார். நான் வானத்தைப் பார்த்தேன். லேசாக மேகம் இருந்தது.

"மச்சான், நான் ஏதோ கோவத்துல சொன்னேன்யா."

"மாப்பிள்ள, தொப்பி இல்லாம சொன்னீங்க. அது முதலாளி உத்தரவு. நான் யாரு அத நிறுத்தறதுக்கு?"

"என்னங்க," என்று உள்ளேயிருந்து என் தங்கையின் குரல் வந்தது. "தொப்பியக் கழட்டிட்டுப் பேசுங்க. கேமராமேனத்தான் நேத்தே வேலையவிட்டுத் தூக்கியாச்சே."

மனிதர் தொப்பியைக் கழற்றினார். உடனே மாட்டினார். மறுபடி கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு விழித்தார்.

"அப்பாவாப் பேசணும்னா இத என்ன பண்றது?" என்றார்.

அதற்கு யாரிடமும் விதி இல்லை. என் தங்கைகூட அதை யோசித்திருக்கவில்லை.

பல்பு சிரிக்கவில்லை. ஆனால் உதட்டைக் கடித்துக்கொண்டாள். "அப்பா, ஒண்ணு சொல்லிடறேன். நான் கேமரா பின்னாடி நின்னா நீங்க 'பொறு'ன்னு சொல்லக் கூடாது. சொன்னா அப்பவே முக்காலிய மடிச்சிட்டு இதே வண்டியில ஏறிடுவேன். அப்புறம் வெயில் எப்படின்னுகூட போன்ல கேக்க வேண்டாம்."

"ஒரு தடவகூடவா?"

"ஒரு தடவகூட."

அவர் ஒரு வாய் காப்பி குடித்தார். "காப்பி பிரமாதம்" என்றார். அதில் சர்க்கரையே இல்லை. நான்தான் போட்டேன், எனக்குத் தெரியும்.

டிரைவரை அனுப்ப வேண்டாம், இருக்கட்டும் என்று பல்பு சொல்லிவிட்டாள். அவருக்கு விடிவுகாலம் இன்னும் வரவில்லை.

குளத்துக்குப் போனதும் பல்பு கேமராப் பெட்டியைத் திறக்கவில்லை. வெளியே இருந்த இரும்புப் படியில் ஏறிக் கூரைக்குப் போனாள். இரண்டு மணி நேரம் கீழே வரவில்லை.

கீழே கேமராமேன் (இப்போது தயாரிப்பாளர் மட்டும்) நகத்தைக் கடித்தார். கைவிரல் பத்தும் முடிந்ததும் என் கையைப் பார்த்தார். பையில் வைத்துக்கொண்டேன்.

நாயகிக்கு அறுபத்திரண்டு வயது. நல்ல நகைச்சுவை. "மூணு நாளா இந்தக் கரையில நடக்கறேன். டாக்டர் சொன்ன நடை அடுத்த வருஷம் வரைக்கும் நடந்தாச்சு" என்றார்.

டைரக்டர் மிகவும் மரியாதையான இளைஞர். குடும்பத்துக்குள் பேச்சு வந்தால் வெளியே போய்விடுவார். ஆகவே படப்பிடிப்பின் பெரும்பகுதியை அவர் வெளியேதான் கழித்தார்.

பல்பு இறங்கி வந்தாள். முழங்கையெல்லாம் தூசி. நேராக என்னிடம் வந்தாள்.

"மாமா, கைக்குட்ட வச்சிருக்கீங்களா?"

"ஜலதோஷமா?"

"இல்ல. தெற்கால ஒரு தண்ணித் தொட்டி தெரியும் பாருங்க, அதத் தாண்டித்தான் மேகம் வருது. தொட்டி மேல நிழல் விலகினா, சரியா நாப்பது செகண்டுல நம்ம கூரைலயும் விலகுது. பதினொரு தடவ பாத்துட்டேன். நீங்க படியில நின்னு தொட்டியவே பாருங்க. அது பளிச்சுனு ஆனதும் கைக்குட்டைய ஆட்டுங்க. நான் ஜன்னல் வழியாப் பாத்துக்கறேன்."

"அப்ப இங்க இருட்டால்ல இருக்கும்?"

"இருட்டுலயே கேமராவ ஓட விடுவேன். அவங்க நடந்து வந்து திரும்பறதுக்கு நாப்பது செகண்டு ஆகும். திரும்பற நேரம் வெயில் வரும்."

"வரலன்னா?"

"வரலன்னா கைக்குட்டைல மூக்கத் தொடைச்சுக்கங்க."

தராசு பார்க்கிற வேலையில்கூட எனக்கு இவ்வளவு பெரிய பொறுப்பு கொடுத்ததில்லை. படியில் போய் நின்றேன். ஒரு பக்கம் தொட்டி. மறுபக்கம் திறந்த ஜன்னல், அதற்குள் குளம் முழுசாகத் தெரிந்தது.

மூன்று நாற்பது. வெயில் விழுந்தது. தண்ணீர் தங்கமாக ஆடியது. "சூப்பர்!" என்று யாரோ சொன்னார்கள். சொல்லி முடிப்பதற்குள் மேகம் வந்து மூடியது.

நாற்பத்தொன்று. நாற்பத்திரண்டு. நாற்பத்து மூன்று.

தொட்டி சாம்பல் நிறத்தில் நின்றது. நான் கண் கொட்டவில்லை. அந்த மூன்று நிமிடத்தில் ஒரு கொசு என் மூக்கில் உட்கார்ந்து, சாப்பிட்டு, சற்று இளைப்பாறிவிட்டும் போயிற்று.

தொட்டியின் உச்சியில் ஒரு கீற்று. பிறகு முழுத் தொட்டியும் வெளுத்தது.

ஆட்டினேன். ஆட்டின வேகத்தில் கைக்குட்டை கையைவிட்டுப் போய்விட்டது. வெறும் கையை ஆட்டினேன்.

"ஓடட்டும்!" என்றாள் பல்பு.

உள்ளே மங்கல். ஓரமாக உட்கார்ந்து லைட் அண்ணன் காலால் தண்ணீரை அலசிக்கொண்டிருந்தார், அலை வேண்டுமே. அவர் கேமராமேனுடன் முப்பது வருடமாக விளக்குப் பிடிக்கிறவர். நாயகி அந்த மங்கலில் நடக்க ஆரம்பித்தார்.

அப்போதுதான் நம் தயாரிப்பாளரைக் கவனித்தேன். கீழே அவர் நாற்காலி காலியாக இருந்தது. ஆள், குளத்துக்கு மேலே பார்வையாளர்கள் உட்காரும் மாடத்தில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார். எப்போது ஏறினார் என்று தெரியாது. கண் கூரையிலேயே இருந்தது. வலது கை தொப்பியைத் தலைக்குக் கொண்டுபோனது. வாய் திறந்தது.

'பொ' என்று உதடு குவிந்துவிட்டது.

நாற்பது வருடப் பழக்கம் அது, லேசில் போகுமா? வாசலில் வண்டி இன்ஜின் உறுமுவது வேறு கேட்டது.

மனிதர் தொப்பியை எடுத்து வாய்க்குள் திணித்துக்கொண்டார்.

முப்பத்தைந்து. முப்பத்தெட்டு. நாயகி நின்றார். திரும்பினார்.

வெயில் வந்தது.

எங்கிருந்தோ ஓடி வந்து மூச்சு வாங்குவதுபோல் வந்தது. முதலில் கால், பிறகு கை, பிறகு அந்த அம்மாளின் முகம் முழுக்க அலை ஏறி ஆடியது. அவர் சிரித்தார். சிரிக்க வேண்டும் என்று எழுதியிருந்ததால் சிரித்த சிரிப்பு இல்லை அது. வெயில் முகத்தில் கிச்சுக்கிச்சு மூட்டிவிட்டது.

"கட்," என்றாள் பல்பு.

நான் படியிலிருந்து உள்ளே ஓடினேன். எல்லோரும் மாடத்தை அண்ணாந்து பார்த்தார்கள். அவர் மெதுவாகப் படியிறங்கி வந்தார். வாயிலிருந்து தொப்பியை எடுத்து, உதறி, மடித்தார். மானிட்டரில் ஷாட்டைத் திரும்பப் போடச் சொல்லி, கண்ணை நாயகியின் முகத்தைவிட்டு எடுக்காமல் பார்த்தார். மகளைப் பார்த்தார்.

"பரவாயில்ல," என்றார்.

பல்புவின் முகம் ஃபியூஸ் போன மாதிரி ஆகிவிட்டது. குனிந்து லென்ஸைக் கழற்ற ஆரம்பித்தாள். எனக்கு அப்படியே அவரைக் குளத்தில் தள்ளிவிடலாமா என்று இருந்தது.

நான் தள்ள வேண்டியிருக்கவில்லை. 'தொம்' என்று ஒரு சத்தம். லைட் அண்ணன் சட்டை பேண்டோடு குளத்துக்குள் குதித்திருந்தார். அவர் பின்னால் விளக்குக்காரர்கள் இரண்டு பேர். டிராலி தள்ளுகிறவர் விசிலடித்த விசிலில், வெளியே இருந்த டைரக்டர், குடும்பப் பேச்சு முடிந்துவிட்டது என்று நினைத்து உள்ளே ஓடி வந்தார். ஒருவரையொருவர் கட்டிக்கொண்டு, கைதட்டி, ஒரே அமர்க்களம்.

"என்னாச்சு இவங்களுக்கு?" என்றாள் பல்பு.

லைட் அண்ணன் தண்ணீருக்குள்ளிருந்து தலையை நீட்டினார். "அம்மா, உங்களுக்குத் தெரியாதா? செட்டுல சார் அந்த வார்த்தைய முப்பது வருஷத்துல நாலே தடவதான் சொல்லியிருக்கார். ரயில் பாலத்துல ஒண்ணு. மழையில ஒண்ணு. ஒத்தத் தீக்குச்சி வெளிச்சத்துல ஒரு முகம் எடுத்தப்ப ஒண்ணு. நாலாவதுக்கு நான் லீவு. லீவு போடச் சொன்னதுக்கு என் வீட்டுக்காரியோட இன்னும் சண்ட. நல்லா இல்லன்னா 'ஒன் மோர்'ம்பார். நல்லா இருந்தா பேசாமப் போயிடுவார். அதுக்கும் மேல இருந்தாத்தான் பரவாயில்ல! இது அஞ்சாவது!"

"ஆறாவது," என்றார் கேமராமேன்.

"இல்ல சார், அஞ்சு. நான் சரியா—"

"ஆறுய்யா. ஒண்ணு வீட்டுல சொன்னேன். சாப்பாட்டு மேஜையில."

பல்பு கையில் லென்ஸோடு அவர் பக்கம் திரும்பினாள்.

"அப்பா."

"ம்."

"அஞ்சு வருஷம்ப்பா!"

"நீதான் மறுநாளே பெட்டியக் கட்டிட்டியே. பெரிய படம் கிடைச்சிருக்கு, அவசரம் போலன்னு நினைச்சேன்."

"'பிரமாதம்'னு ஒரு வார்த்த சொல்லியிருந்தா நான் பக்கத்து ரூம்லயே இருந்திருப்பேனே!"

"கருகின ரொட்டிக்குச் சொல்றத உன் படத்துக்கு எப்படிம்மா சொல்றது?" என்றார் அவர். உண்மையிலேயே புரியாமல்தான் கேட்டார்.

பல்பு அவரை அடிக்கக் கை ஓங்கினாள். கையில் விலை உயர்ந்த லென்ஸ் இருந்ததால் அதை என்னிடம் கொடுத்துவிட்டு, திரும்ப வந்து தோளில் இரண்டு போட்டாள். பிறகு அந்தத் தோளிலேயே முகத்தை வைத்துக்கொண்டாள். வெயில் அதோடு போய்விட்டது. ஒன்பது நிமிடமும் தீர்ந்திருந்தது. யாரும் கவலைப்படவில்லை.

நான் வெளியே போய் டிரைவரிடம், "இன்ஜின அணைச்சிருப்பா" என்றேன். அவர் அழுதேவிட்டார்.

ஆறு மணிக்கு எல்லோரும் வீட்டில், என் தங்கையின் எடிட்டிங் அறையில் இருந்தோம். அறை என்றால் அலமாரி அளவு. ஐந்து பேர் உள்ளே போனால் ஒருவர் மூச்சு விடும்போது மற்றவர் நிறுத்த வேண்டும். டைரக்டர் வழக்கப்படி வெளியே நின்றார்.

தங்கையிடம் விஷயத்தைச் சொன்னோம். "முப்பது வருஷமா இவர் எடுத்தத வெட்டறியே, உனக்கே தெரியாதா?" என்று கேட்டேன்.

"அண்ணே, அவர் அதச் சொல்றது 'கட்'டுக்கு அப்புறம். 'கட்'டுக்கு அப்புறம் அவர் பேசறத நான் வீட்டுலயே கேக்கறதில்ல" என்றாள்.

ஷாட் ஓடியது. மங்கல், நடை, திரும்பல், வெயில், சிரிப்பு. என் தங்கை கண்ணைத் துடைத்துக்கொண்டாள். மறுபடி போட்டாள். மூன்றாவது தடவை ஓடும்போது விரலை வைத்து நிறுத்தினாள்.

"என்னங்க. இங்க வாங்க. தண்ணிக்குள்ள யாரு அது?"

எல்லோரும் எட்டிப் பார்த்தோம். நாயகிக்குக் கீழே, ஆடுகிற தண்ணீரில், தலைகீழாக ஓர் ஆள். மேலே மாடத்தில் நின்றவர் பிம்பம் கீழே குளத்தில் விழுந்திருக்கிறது. கம்பியைப் பிடித்துக்கொண்டு, வாயில் நீலமாக எதையோ கவ்விக்கொண்டு, சிரிப்பு வந்த அந்த நொடியில் அவர் குதிக்கிறார். சின்னப் பிள்ளை மாதிரி, இரண்டு காலையும் சேர்த்து.

கேமராமேனின் முகம் வெளிறியது. கண்ணாடி டம்ளரில் விளக்கு தெரிகிறது என்று ஒரு தடவை அரை நாள் படப்பிடிப்பை நிறுத்தியவர் அவர். நாற்பது வருடத்தில் அடுத்தவர் நிழலைக்கூட ஃபிரேமுக்குள் விட்டதில்லை. மானிட்டரில் அத்தனை நேரம் பார்த்தவர், முகத்தைத் தவிர வேறெதையும் பார்க்கவில்லை.

"வெட்டிடு," என்றார். "அந்த நாலு செகண்ட வெட்டிடு."

"வெட்டினா சிரிப்பும் பாதியில போயிடும்ங்க."

"நாளைக்குத் திரும்ப எடுத்துரலாம்."

"நாளைக்குக் குளமே இருக்காது, மாப்பிள்ள," என்றேன்.

அவர் தொப்பியை மாட்டினார், கழற்றினார். பல் பதிந்த இடத்தில் விரலை வைத்துத் தேய்த்தார். கடைசியில் அதைக் கொண்டுபோய் மகள் தலையில் வைத்தார். அவளுக்கு அது பெரியது, புருவம் வரை இறங்கியது.

"நீதான் கேமராமேன். நீ சொல்லு. இருக்கட்டுமா, வெட்டலாமா?"

பல்பு தொப்பியின் முன்பக்கத்தைத் தூக்கிவிட்டுக்கொண்டு திரையைப் பார்த்தாள். தண்ணீருக்குள் தலைகீழாகக் குதிக்கிற அப்பாவை வெகு நேரம் பார்த்தாள்.

"பரவாயில்ல," என்றாள்.

சொல்லிவிட்டு, பசிக்கிறது என்று அடுப்பங்கரைக்குப் போய்விட்டாள்.

என் தங்கையின் விரல் பொத்தான் மேல் நின்றது. அவள் புருஷனைப் பார்த்தாள். அவர் என்னைப் பார்த்தார்.

"அண்ணே," என்றாள் தங்கை, "இப்ப இவ சொன்னது எந்தப் பரவாயில்ல? 'போனாப் போகுது, இருக்கட்டும்'ங்கறதா? இல்ல, இவர் சொல்ற பரவாயில்லையா?"

எனக்கு எப்படித் தெரியும்? நான் தராசு பார்த்தவன்.

அடுப்பங்கரையிலிருந்து ரொட்டி கருகுகிற வாசனை வந்தது. கேமராமேன் மூக்கை உயர்த்தினார், எழுந்தார். இதற்கு என்ன சொல்வது என்று முதல் தடவையாக யோசித்துக்கொண்டே உள்ளே போனார்.